இனியா பிடிக்க வேண்டிய ஆட்டம்

இந்த ஆண்டு விழாவுக்குத் தலைமை தாங்கி, இவள் என்ன பேசப்போகிறாளோ என்று சற்றுக் கலக்கத்தோடு என்னைப் பார்த்துக்கொண்டிருக்கும் பள்ளி மேலாண்மைக் குழுத் தலைவி செங்கமலம் அக்கா அவர்களே! பிள்ளைகளின் பெயரோடு பெற்றவர்களின் பெயரையும் மறக்காத தலைமையாசிரியர் நல்லதம்பி ஐயா அவர்களே! விடியற்காலை பூப்பறித்து, கீரமங்கலம் கடைத்தெருவில் போட்டுவிட்டு, களைப்பாறாமல் வந்து அமர்ந்திருக்கும் தாய்மார்களே! பந்தலுக்குள் வராமல், வேப்பமர நிழலில், பைக்கின் மேல் உட்கார்ந்தபடியே விழாவைச் சிறப்பித்துக்கொண்டிருக்கும் மாமன் மச்சான்மார்களே! எல்லோருக்கும் முன்னால், வாயில் விரல் வைத்து வரிசையாக உட்கார வைக்கப்பட்டிருக்கும் என் செல்லங்களே! உங்கள் அனைவரையும் இந்தத் திலகவதி கைகூப்பி வணங்குகிறேன்.

ஊர் ஊராய்ப் பட்டிமன்றம் பேசித் திரிகிறவள் நான். இந்தத் தரப்பு என்றால் இந்தத் தரப்பு, அந்தத் தரப்பு என்றால் அந்தத் தரப்பு. இன்று எனக்குத் தந்த தலைப்பு, ‘பாதுகாப்பான பள்ளி வளாகம்’. என் மகள் இனியா இங்கே இரண்டாம் வகுப்பு படிக்கிறாள். போன மாதம் இதே வளாகத்தில் விழுந்து கையை முறித்துக்கொண்டாள். மறுநாளே இடைவேளையில் யாரும் ஓடக்கூடாது, விளையாடக்கூடாது என்று உத்தரவு வந்தது. அடுத்த வாரம் மைதானம் முழுக்க, மதிலுக்கு மதில், பேவர் கல் பதிக்கப்போகிறார்கள். வெளிநாட்டில் உழைக்கும் நம் ஊர்ப் பிள்ளைகள் அன்போடு அனுப்பிய கல், இதோ, கேட்டோரம் இறங்கிக் கிடக்கிறது. அடிபட்ட பிள்ளையின் தாயே மேடையேறி நன்றி சொன்னால் பொருத்தமாக இருக்கும் என்று என்னை அழைத்தார்கள். சொல்லத்தான் வந்தேன். வாய் வரவில்லை!

பொறுத்துக்கொள்ளுங்கள், இன்று என்னால் ஓரிடத்தில் நின்று பேச முடியவில்லை. என்ன அழகுமலை மாமா, சிரிக்கிறீங்க? என்றைக்கு நின்றாள் என்று கேட்கிறீர்களா? அதுவும் சரிதான். ஆனால் இந்தப் பிள்ளைகளைப் பாருங்கள். மத்தியானத்திலிருந்து அசையாமல் உட்கார்ந்திருக்கின்றன. ஒரு மாதமாக இடைவேளையிலும் இப்படித்தான். ஆடாத கால், ஓடாத கால், அடக்கி மடக்கி வைத்த கால்! இதைப் பார்த்து உங்களுக்கு நிம்மதியாக இருக்கிறதா? எனக்கு இல்லை.

அந்த மண்ணில் என்ன நடந்துகொண்டிருந்தது தெரியுமா? அங்கே ஒரு சட்டசபை இருந்தது! சண்டை வந்தால் சட்டம் இருந்தது. சட்டம் மீறினால் ‘அழுகுணி ஆட்டம்’ என்று தீர்ப்பு இருந்தது. தீர்ப்பு பிடிக்காவிட்டால் காய் விட்டுப்போகிற உரிமையும் இருந்தது! யார் பிடிக்க வேண்டும் என்பதற்கு ஒரு பாட்டுப் போடுவார்கள்.

ஈச்சங்கொட்ட எலந்தப்பழம்
எங்க மாமா எருமக்கடா
பூச்சி பறக்குது புளியந்தோப்புல
போடா ராசா நீயே நில்லு!

இதை எந்த வாத்தியார் நடத்தினார்? எந்தப் பரீட்சையில் கேட்டார்கள்? நாலாம் வகுப்பு மூன்றாம் வகுப்புக்குச் சொல்லும். மூன்று இரண்டுக்குச் சொல்லும். பெரியவர்கள் கை படாமல் வந்துகொண்டிருந்தது ஐயா அது! நாம் கை வைத்தோம். நின்றுபோயிற்று.

என் மகளுக்குப் பிறவியிலேயே இடது காலில் பலம் குறைவு. நடப்பாள், மெல்ல நடப்பாள். நாங்கள் திருப்பூரிலிருந்து ஊரோடு வந்து இந்தப் பள்ளியில் சேர்த்தபோது, இடைவேளையில் மதிலில் சாய்ந்து நின்றுகொண்டிருந்தாள். நாலாம் வகுப்புக் கார்த்திகா நேராக என்னிடம் வந்தாள்.

“அத்த, இனியா வெளாட வருமா?”

“அவளால ஓட முடியாதேம்மா.”

“அதுனால என்னத்த? ஒப்புக்குச் சப்பாணியா வச்சுக்கிறோம்.”

எனக்கு ஏறிய கோபத்தைப் பாருங்கள்! கால் பலமில்லாத பிள்ளைக்கு இப்படியா ஒரு பேர்? திட்ட வாயெடுத்தேன். அந்தப் பிள்ளை என்னைவிட வேகமாகப் பேசியது.

“ஐயோ, அது பேருத்த! சின்னப் புள்ளைக யாரு வந்தாலும் அப்புடித்தான். எங்க தம்பியும் ஒப்புக்குச் சப்பாணிதான். ஆட்டத்துல இருக்கலாம், கத்தலாம், ஓடலாம். ஆனா தொட்டாலும் அவுட்டு கெடையாது.”

கேட்டீர்களா சபையோரே? ஓட முடியாதவரை ஒதுக்கிவிடாமல், உள்ளே வைத்துக்கொள்ள ஒரு விதி! நான் அன்று நெகிழ்ந்துபோனேன். என் பிள்ளைக்கு இடம் கிடைத்துவிட்டது என்று நிம்மதியாக இருந்தேன். ஆனால் இனியாவுக்கு அந்த நிம்மதி இல்லை. தினமும் பள்ளி விட்டு வந்ததும் ஒரே அழுகை. “யாருமே என்னய அவுட்டாக்க மாட்டேங்குறாங்கம்மா! நான் பக்கத்துலயே போயி நின்னாலும் சிரிச்சுக்கிட்டே தாண்டிப் போறாங்கம்மா!” அவுட் ஆகாததற்கு அழுகிற பிள்ளையை எப்படிச் சமாதானப்படுத்துவது?

போன மாதம் அவர்கள் ஆடியது கல்லா மண்ணா. வெளியூரிலிருந்து வந்த மருமகன்களுக்காகச் சொல்கிறேன். பிடிக்கிறவரைச் சுற்றி நின்று, “கல்லா? மண்ணா?” என்று எல்லோரும் கேட்பார்கள். அவர் மண் என்றால் மண் அவருடையது. மற்றவர்கள் கல்லில் நிற்க வேண்டும். மண்ணில் கால் வைத்தால் தொடலாம். தொட்டால் அவுட், அவுட்டானவர் அடுத்துப் பிடிக்க வேண்டும். ஆட்டத்தில் இருந்த பிள்ளைகள் பிறகு என்னிடம் சொன்னதைச் சொல்கிறேன். அன்று பிடித்தவள் கார்த்திகா. அவள் மண் என்றாள். இனியா, கல் என்று எல்லோரும் ஏறி நின்ற குழாயடிச் சிமெண்ட் மேடையிலிருந்து மண்ணில் இறங்கினாள். கார்த்திகா ஓடி வந்து தொட்டாள். தொட்டு, ஊருக்கே கேட்கிற மாதிரி கத்தினாள்: “இனியா அவுட்டு! இனிமே இது ஒப்புக்குச் சப்பாணி இல்ல!”

என் மகள் குதித்தாள் ஐயா! பிறந்ததிலிருந்து குதிக்காத பிள்ளை, சந்தோஷத்தில் குதித்தாள். நிலை தடுமாறி, அந்தக் குழாயடி மேடையின் விளிம்பில் விழுந்தாள். கையை முறித்தது சிமெண்ட். மண் இல்லை!

நாம் என்ன செய்தோம்? கார்த்திகா தள்ளிவிட்டாள் என்றோம். அவளைப் பிரேயரில் எல்லோர் முன்னாலும் மன்னிப்புக் கேட்க வைத்தோம். அவள் அம்மா ஹார்லிக்ஸ் பாட்டிலோடு என் வீட்டு வாசலில் வந்து நின்று அழுதார். புதுக்கோட்டை ஆஸ்பத்திரிக்கு ஆட்டோவில் போகும்போது, வலியில் துடித்துக்கொண்டே என் மகள் சொன்னதை யாரும் கேட்கவில்லை. இப்போது கேளுங்கள்! “அம்மா, கார்த்திகாக்கா என்னய நெசமாவே அவுட்டாக்கிருச்சும்மா! அடுத்து நாந்தாம்மா புடிக்கணும்!”

அந்த அடுத்தது இன்னும் வரவில்லை. கட்டுப் பிரித்தாயிற்று. கை கூடிவிட்டது. ஆனால் ஆட்டத்தை நாம் நிறுத்தி வைத்திருக்கிறோம். தினமும் காலையில், “இன்னைக்கு வெளாட விடுவாங்களாம்மா?” என்று கேட்கிறாள். மதிலுக்கு மதில் கல்லைப் பதித்துவிட்டு, அவளை எங்கே நின்று மண் என்று சொல்லச் சொல்ல?

அங்கிட்டு யாரோ கேட்கிறீர்கள், “மறுபடி விழுந்தா யாரு பதில் சொல்றது?” என்று. நியாயமான கேள்வி. விழுந்தது என் பிள்ளை. நான் சொல்கிறேன் பதில். குழாயடி விளிம்பை உடைத்து மழுக்குவோம். அதைச் சுற்றி மணல் கொட்டுவோம். அன்போடு வந்த கல்லை, மழைத்தண்ணீர் தேங்குகிற இடமாய்ப் பார்த்து, கேட்டிலிருந்து வகுப்பு வரைக்கும் பாதையாகப் போடுவோம். மிச்ச மண் மண்ணாகவே கிடக்கட்டும். தாயாகிய நானே அச்சமில்லை என்கிறேன். பிறகு யாருக்காக இந்தப் பயம்? செங்கமலம் அக்கா, தலையாட்டுகிறீர்கள். சபை பார்த்துவிட்டது, இனி மாற்றக்கூடாது!

கார்த்திகா, எங்கேம்மா இருக்கே? தலையை நிமுத்து. நீ என் பிள்ளையைத் தள்ளவில்லை. நாங்கள் யாரும் தராத ஒன்றை அவளுக்குத் தந்தாய். அன்று பிரேயரில் எல்லோர் முன்னாலும் உன்னைக் குனிய வைத்தோம். இன்று இத்தனை பேர் முன்னால் உனக்கு நான் நன்றி சொல்கிறேன்.

பெரியோர்களே, தாய்மார்களே, பொறுமையாகக் கேட்டதற்கு நன்றி. பேசினது போதும், பிள்ளைகள் உட்கார்ந்திருந்ததும் போதும். நல்லதம்பி ஐயா, இடைவேளை மணியை அடிக்கச் சொல்லுங்கள். இனியா, எந்திரிம்மா. நீதான் புடிக்கணும். வணக்கம்!