பூட்டிய அறை ஒன்று

இந்த மேஜை ஆடுகிறது. காலுக்கடியில் ஓர் அட்டையை மடித்து வையுங்கள் ஐயா, நான் சொல்வதை எழுத வசதியாக இருக்கும்.

ஏலத்துக்கு வரும் வீடுகளைக் காப்பாற்றுவதுதான் என் வக்கீல் தொழில். அடமானத்தில் இருக்கும் வீட்டை வங்கி ஏலம் விடும். நான் அதில் ஓட்டை தேடுவேன். பெரும்பாலும் கிடைத்துவிடும். வங்கிக்காரர்களுக்கு எப்போதும் அவசரம்.

என் அத்தான் வீடும் ஏலத்துக்கு வந்தது. அக்கா செத்த வீடு. காய்ச்சலில் கிடந்தவளைப் பின்பக்க ஸ்டோர் ரூமில் போட்டுப் பூட்டிவிட்டு வெளியூர் போன மனுஷன் அவர். அவள் கதவைத் தட்டியிருக்கிறாள். பக்கத்து வீட்டுக்காரர் கேட்டிருக்கிறார்.

"உங்க அத்தானுக்குப் போன் போட்டேன் தம்பி. எலியா இருக்கும்னாரு," என்றார் என்னிடம், சாவு வீட்டில்.

அவர் சட்டையைப் பிடித்துவிட்டேன். கேட்டும் சும்மா இருந்தவன் மனுஷனா என்று கத்தினேன். அத்தானை ஒரு வார்த்தை சொல்லவில்லை. அவருக்கு வார்த்தை போதாது என்று அன்றே தெரிந்துவிட்டது.

பிறகு அவரே என்னைத் தேடி வந்தார். "மச்சான், உன்னை விட்டா எனக்கு யாரு இருக்கா? வீடு போச்சுன்னா நடுத்தெருவுலதான் நிக்கணும்."

"போகாது அத்தான். நான் இருக்கேன்ல."

யோசனை சொன்னேன். வங்கி சீல் வைக்கும்போது வீட்டுக்குள் ஆள் இருந்தால் அந்த நடவடிக்கை செல்லாது, ஏலமும் ரத்தாகிவிடும். ஸ்டோர் ரூமில் மூச்சுக் காட்டாமல் இருங்கள், போன் ஒலித்தால் குட்டு வெளிப்பட்டுவிடும், என்னிடம் கொடுங்கள், திங்கட்கிழமை நீதிபதியிடம் சொல்லித் திறக்க வைக்கிறேன் என்றேன். என் கையைப் பிடித்துக்கொண்டு அழுதார். ஒரு குடம் தண்ணீரும் பிஸ்கட்டும் நானே வைத்தேன். வெளியே பூட்டியதும் நான்தான்.

வங்கி அதிகாரி அறை அறையாகப் பார்த்துச் சாமான்களை எழுதினார். அந்தக் கதவுக்கு வந்ததும், "இது?" என்றார்.

"உடைசல் சாமான் சார். சாவி தொலைஞ்சு போச்சு. எங்களுக்கு ஆட்சேபணை இல்ல, அப்படியே எழுதிக்கோங்க."

எதிர்த்தரப்பு வக்கீலே ஆட்சேபணை இல்லை என்ற பிறகு பூட்டை உடைக்க யாருக்கு என்ன தலையெழுத்து? 'பூட்டிய அறை ஒன்று' என்று எழுதிவிட்டு வாசலில் சீல் வைத்தார்.

திங்கட்கிழமை எங்கள் வழக்கைக் கூப்பிட்டார்கள். எழுந்து நின்றேன். உடம்பு சரியில்லை, இரண்டு வாரம் வாய்தா வேண்டும் என்றேன். வங்கி வக்கீலும் தலையாட்டினார். வாய்தா கேட்பது குற்றம் என்று எந்தச் சட்டத்திலும் இல்லை. வீட்டுக்கு வந்து வயிறாரச் சாப்பிட்டேன். அக்கா போனபிறகு எனக்கு அப்படிப் பசித்ததே இல்லை.

அந்த வாரம் பக்கத்து வீட்டுக்காரர் போன் செய்தார். "தம்பி, உள்ள யாரோ தட்டுற மாதிரி இருக்கு. அன்னைக்குத்தான் பேசாம இருந்துட்டேன், இன்னைக்கும் மனசு கேக்கல."

"எலியா இருக்கும்ணே," என்றேன். "சீல்ல கை வச்சிடாதீங்க. கேஸாயிடும்."

பயந்துவிட்டார். சத்தம் அடங்கிய பிறகுதான் கடப்பாரையை எடுத்தாராம்.

ஆமாம் ஐயா, கொன்றது நான்தான். எழுதிக்கொள்ளுங்கள், கையெழுத்துப் போடுகிறேன். ஆனால் அந்தப் பக்கத்து வீட்டுக்காரரையும் விட்டுவிடாதீர்கள். தட்டுவது கேட்டும் சும்மா இருந்தவர்.