மகளே, அந்தக் கையெழுத்தைப் போடாதே

இந்த இரங்கல் கூட்ட மேடையில் வீற்றிருக்கும் ஆசிரியர் சங்கத் தலைவர் அவர்களே, வந்த தேநீரைக்கூடத் தொடாமல் அமர்ந்திருக்கும் ஆசிரியப் பெருமக்களே, மறைந்த பிரஜாபதியின் துணைவியாரே, மகள் பினிதாவே, வணக்கம்!

இத்தனை கூட்டமா! ஒரு தொடக்கப்பள்ளி ஆசிரியருக்கு இத்தனை கூட்டமா! அடுத்த மாதம் நான் ஓய்வு பெறுகிறேன். எனக்கு இதில் பாதிப் பேராவது வருவீர்களா? வரமாட்டீர்கள். பூசி மெழுகிப் பேச எனக்கு வராது. ஆசிரியர் திலகம் ராம்சுமேர் பிரஜாபதி மீது எனக்கு எப்போதும் பொறாமை. இன்றும்தான்!

நான் தேர்வெழுதி, மாவட்டத்திலேயே முதலாவதாக வந்தவன். அவரோ, ஆசிரியராக இருந்த தந்தை பணியிலேயே இறந்ததால் கருணை அடிப்படையில் வந்தவர். ஆசிரியர் அறையில் யார் அவரைப் பெயர் சொல்லி அழைத்தார்கள்?

"என்னய்யா, செத்தவர் வாரிசு! டீ வந்துச்சா?" என்பார்கள்.

"வந்துச்சு பண்டிட்ஜி. நீங்க வர லேட்டானதால, உங்க டீக்கும் நானே வாரிசாயிட்டேன்" என்பார் அவர்.

அறையே சிரிக்கும். முதலாவதாக வந்தவன் சொன்ன நகைச்சுவைக்கு ஒருநாளாவது யாராவது சிரித்தீர்களா?

தந்தையின் பதின்மூன்றாம் நாள் காரிய விருந்துக்கு வாங்கிய கடன் கழுத்தை நெரிக்க, 'பயிற்சி பெறாதவர் சம்பளமே எனக்குச் சம்மதம்' என்று அன்று அவர் கையெழுத்திட்டார். பிறகு பயிற்சியை முடித்தார். முழுச் சம்பளம் கேட்டபோதெல்லாம் அந்தச் சம்மதத்தையே காட்டி விரட்டினார்கள். விட்டாரா? தலை நரைக்கும்வரை வழக்காடினார். தனக்காக மட்டுமா? அவரைப் போல வந்த ஒவ்வொருவருக்காகவும்! தீர்ப்பு வந்த அன்று அவரைத் தோளில் தூக்கிச் சுற்றினீர்கள். சங்கச் செயலாளர் நான். என் கழுத்து மாலையைக் கழற்றி அவருக்குப் போட்டீர்கள்!

இப்போது மரணத்திலும் முந்திக்கொண்டார். பாடம் நடத்தும்போதே கரும்பலகை அருகில் சரிந்தார். அவருடைய பதின்மூன்றாம் நாள் பூரியைச் சாப்பிட்டுவிட்டு வீடு திரும்பியதும் என் மனைவி சொன்னாள்:

"பாருங்க, அந்த மனுஷன் போறப்பவும் பொண்ணுக்கு ஒரு வேலையை வச்சுட்டுப் போயிருக்காரு. நம்ம பையன் வருஷா வருஷம் பரீட்சை எழுதி ஃபெயிலாகுறான். நீங்க என்னடான்னா குத்துக்கல்லாட்டம் ரிட்டயர் ஆகப்போறீங்க!"

சிரிக்காதீர்கள், தோழர்களே! அன்றிரவு எனக்குத் தூக்கமே வரவில்லை. செத்தவரைப் பார்த்து வயிறெரியும் நிலைக்கு நம் குடும்பங்களைத் தள்ளியது யார்?

சரி, அந்த வேலைதான் என்ன? பினிதா எம்.ஏ. படித்தவள். ஆசிரியர் பயிற்சியும் முடித்து, தகுதித் தேர்விலும் தேறியவள். அவளுக்கு நாளை கல்வி அலுவலகத்தில் கொடுக்கப்போவது பியூன் வேலை! அதற்குச் சம்மதித்துக் கையெழுத்திட்டால் கருணைக் கதவு மூடிவிடும். ஆசிரியர் பணியை உரிமையாகக் கேட்க இனி வழியே இருக்காது. சற்றுமுன் அவளிடம் பேசினேன்.

"அம்மாவுக்கு மருந்து வாங்கணும் சித்தப்பா. பியூன்னாலும் வேலைதானே?" என்றாள்.

தந்தை போட்ட அதே கையெழுத்தை மகளும் போடுவதா? அதைப் பார்த்துக்கொண்டு நாம் மௌன அஞ்சலி செலுத்துவதா?

பினிதாவுக்கு ஆசிரியர் பணி கேட்டு வழக்குப் போடுவோம். தீர்ப்பு வரும்வரை அவள் வீட்டு அடுப்பு நம் பொறுப்பு. மாதந்தோறும் ஒருநாள் சம்பளம் தருவோம். முதல் கை என்னுடையது. தூக்குங்கள் கைகளை! ஆகா, அத்தனை பேருமா! இவை எனக்காகத் தூக்கிய கைகள் அல்ல, தெரியும். தெரிந்தும் எரிகிறது. எரியட்டும். ஓய்வு பெற்றபின் எனக்கு வேறென்ன வேலை? இந்த வழக்கை நானே நடத்துவேன்.

பினிதா, உன் அப்பா உயிரோடிருந்தால் ஒரே வார்த்தைதான் சொல்லியிருப்பார், நீயும் கேட்டிருப்பாய். எனக்கு அந்த அதிர்ஷ்டம் இல்லை. இத்தனை பேர் முன்னால் கெஞ்சுகிறேன். நாளை அந்தக் கையெழுத்தைப் போடாதே, அம்மா.

தலையாட்டினால் போதாது. வாய்விட்டுச் சொல்.