நீர்யானைன்னு நான் எழுதவே இல்ல

...ஒரு இடத்துலகூட, ஒரே ஒரு இடத்துலகூட நீர்யானைன்னு நான் எழுதவே இல்லப்பா! வேணும்னா எடுத்துப் படிச்சுப் பாரு. முப்பத்திரண்டு பக்கம், முன்னூத்திப் பதினோரு வார்த்தை. அதுல நீர்யானைங்கற வார்த்தை இருந்தா என் பேரை மாத்திக்கறேன். இந்தா, பிடி... ஓ, அந்தக் கையை மாட்டிக்கிட்டு உன்னால பக்கம் புரட்ட முடியாது, இல்ல? சரி விடு. நானே சொல்றேன்.

நீ ஒண்ணும் பேச வேண்டாம். இந்த மாதிரி நீர்யானை வேஷம் போட்டவங்க வாயே திறக்கக் கூடாதாமே? இந்தப் புத்தகக் கடைக்காரி கிரெட்சன் சொன்னா. பேசினா உள்ள ஆள் இருக்குன்னு பிள்ளைங்க கண்டுபிடிச்சு ஓன்னு அழுதுடுமாம். நல்ல சட்டம்தான். எங்க வீட்ல இருபத்திமூணு நாளா அதே சட்டம்தான் நடக்குது, வேஷம் மட்டும்தான் இல்ல. உட்காரு தம்பி, கதை கேக்கற பிள்ளைங்க வர்றதுக்கு இன்னும் அரை மணி இருக்கு. பாத்து... வால் மேல உட்காராதே. பதிப்பகத்துக்காரங்க திருப்பிக் கேப்பாங்க.

என்ன சொல்லிட்டிருந்தேன்? ஆங், வீட்டுக்காரர். எங்க வீட்டுக்காரர் ஆர்விட். இந்த டுலூத் ஊர்ல அவரைத் தெரியாதவங்க கிடையாது. முப்பத்தோரு வருஷம் ஊர்ல பனி தள்ற வண்டி ஓட்டினவரு. தெரியாதவங்க கிடையாதுன்னா, திட்டாதவங்க கிடையாதுன்னு அர்த்தம்! ரோட்டைச் சுத்தம் பண்ணி, அந்தப் பனி மொத்தத்தையும் வீட்டு வாசல்ல சுவர் மாதிரி குவிச்சுட்டுப் போயிடுவாங்க இல்ல? உங்க வீட்லயும் திட்டியிருப்பீங்க. சும்மா தலையாட்டாதே, திட்டியிருப்பீங்க. எங்க வாசலையும் அவர்தான் மூடுவாரு, தெரியுமா? சொந்த வாசலை! வேலை முடிஞ்சு வந்து, தான் குவிச்ச பனியைத் தானே ஷவல் வச்சு அள்ளுவாரு. அள்ளிட்டு, பக்கத்து வீட்டு மிஸஸ் தோர்சன் வாசலையும் அள்ளுவாரு. அந்தம்மா ஜன்னல் வழியா முறைச்சுக்கிட்டே நிப்பா. ஒரு நன்றி சொல்லணுமே... ம்ஹூம்.

போன வருஷம் வசந்தத்துல ரிட்டையர் ஆனாரு. ஆபீஸ்ல ஒரு கேக் வெட்டினாங்க. கேக்ல பேரு தப்பு. அவரு அதையே சாப்டுட்டு வந்துட்டாரு. எனக்குத்தான் மனசே ஆறல. நான் எழுதறவ இல்லையா? பன்னெண்டு வருஷமா வாத்து, முயல், பல் விழுந்த முதலைன்னு சின்னப் பிள்ளைங்களுக்கு எழுதறேன். கட்டின புருஷனுக்கு ஒரு புத்தகம் எழுதக் கூடாதா? எழுதினேன். 'பனி தள்ளும் நில்ஸ்.' ஊரு பூரா தூங்கறப்ப ஒரு கரடி எழுந்து எல்லார் வீட்டு ரோட்டையும் சுத்தம் பண்ணுது. கரடி தம்பி, கரடி! பெரிசா, சாதுவா, தோள்ல பனி ஒட்டிக்கிட்டு... அப்படித்தான் நான் நினைச்சது.

அப்புறம் கரடி எப்படி நீர்யானை ஆச்சுன்னு கேளு. நீ கேக்க மாட்டே, நானே கேட்டுக்கறேன். இந்தத் தொழில் எப்படின்னா, கதை எழுதறவளும் படம் போடறவரும் முகம் பாத்துக்கவே மாட்டாங்க. போன் கிடையாது, கடுதாசி கிடையாது. நடுவுல நியூயார்க்ல பிரிசில்லான்னு ஒரு எடிட்டர். ரெண்டு பேரையும் ஒரே ரூம்ல விட்டா அடிச்சுக்குவோம்னு பயம் போல. அந்தப் பிரிசில்லா கையில எப்பவும் ஒரு சிவப்புப் பென்சில். 'லோர்னா, படத்துல தெரியப்போறதை எதுக்கு எழுத்துல சொல்றீங்க? வெட்டுங்க.' தொப்பி சிவப்புன்னு எழுதினேன். வெட்டு! வண்டி பெரிசுன்னு எழுதினேன். வெட்டு! 'நில்ஸ் ஒரு கரடி'ன்னு முதல் வரி. என்ன மிருகம்னு படம் சொல்லிடுமே, வெட்டு! வெட்டிட்டேன். எதுக்கு வீண் வாதம்?

படம் போட்டவரு டெஸ்மண்ட்னு ஒருத்தர். ஓரிகன்ல இருக்காராம். நல்லாத்தான் போட்டிருக்காரு, குறை சொல்லக் கூடாது. சொல்லிட்டுத்தான் இருக்கேன், ஆனா சொல்லக் கூடாது. அந்தப் பதினாலாம் பக்கம் இருக்கே... குளிக்கற தொட்டி, அதுல நுரை, நுரைக்கு நடுவுல இந்தாம் பெரிய... உன் வயிறு மாதிரியேதான் வச்சுக்கயேன், அது மிதக்குது. கொடியில புள்ளி போட்ட கால்சட்டை காயுது. ஐயோ!

புத்தகம் வந்த அன்னிக்கு ரிப்பன் கட்டி அவர் கையில குடுத்தேன். ஒவ்வொரு பக்கமா புரட்டினாரு. பதினாலாம் பக்கத்துல நின்னாரு. அப்புறம் மூடி வச்சுட்டுச் சொன்னாரு, 'ம்ம். வித்தியாசமா இருக்கு.' அவ்வளவுதான்! நீயும் இந்த ஊர்தானே, உனக்குத் தெரியாதா? ஒருத்தர் 'வித்தியாசமா இருக்கு'ன்னு சொல்லிட்டா கதை முடிஞ்சது. எங்க மாமியார் சமையலை யாரோ ஒருதரம் அப்படிச் சொன்னாங்க, அந்தம்மா சாகறவரைக்கும் மறுபடி அந்தக் கேசரோல் பண்ணவே இல்ல.

அன்னிலேருந்து உப்பு, கதவு, நாய். இந்த மூணு வார்த்தைதான் வாயிலேருந்து வருது. அந்த நில்ஸ் அவர்தான்னு ஊருக்கே தெரிஞ்சு போச்சு. காபி கடைக்குப் போனா 'நில்ஸ், தொட்டில தண்ணி சூடா?'ன்னு கூட்டாளிங்க கிண்டல் பண்றாங்களாம். மளிகைக் கடைல ஒரு வாண்டு, 'அம்மா, நீர்யானை!'ன்னு கையைக் காட்டிச்சு. அம்மாக்காரி சிரிப்பை அடக்க முடியாம ரொட்டி வரிசைக்குள்ள ஓடிட்டா. இவரு முட்டையைக் கையில வச்சுக்கிட்டு அப்படியே நிக்கறாரு. முப்பத்தோரு வருஷம் ஊரு திட்டினப்போ நிமிந்து நின்ன மனுஷன்.

நான் சொன்னேன், 'என் மேல தப்பு இல்லீங்க, எல்லாம் அந்த டெஸ்மண்ட் பண்ணினது'ன்னு. நம்பிட்டாரு. நம்பி, அந்த டெஸ்மண்டுக்கு ஒரு லெட்டர் எழுதிட்டாரு! நாலே வரி. தபால்ல போடுன்னு ஃபிரிட்ஜ் மேல வச்சாரு. அது எங்க இருக்கு தெரியுமா? இதோ, இந்தப் பைக்குள்ள. பத்து நாளா. போடவும் முடியல, கிழிக்கவும் முடியல. ஏன்னா...

என்னப்பா, எழுந்துட்டே? உட்காரு. உள்ள புழுக்கமா? ஏன் இப்படி உத்துப் பாக்கறே? அந்தக் கண்ணாடிக் கண்ணை வேற பக்கம் திருப்பு, பயமா இருக்கு.

சரி, உன்கிட்ட சொல்றதுக்கு என்ன. நீதான் யார்கிட்டயும் பேச முடியாதே! நான் எழுதலதான், சத்தியமா எழுதல... ஆனா போன்ல சொன்னேன். போன ஜனவரில. எங்க முப்பத்தஞ்சாவது கல்யாண நாள். மனுஷன் என்ன பண்ணாரு? காலைல எழுந்து ஏரிக்குப் போயிட்டாரு. ஐஸ்ல ஓட்டை போட்டு மீன் பிடிக்க! நான் நீலச் சட்டையைப் போட்டுக்கிட்டு, வறுத்த மாட்டுக்கறியை அடுப்புல சூடு பண்ணிப் பண்ணி... அஞ்சு மணிக்கு வர்றாரு. கையில ஒரு மீன். என் கட்டைவிரல் அளவு இருக்கும்.

என்ன, கையை அவ்வளவு அகலமா விரிக்கறே? அவ்வளவு பெரிசா? நீயா பாத்தே? கட்டைவிரல்தான்ப்பா!

வந்தவரு 'என்ன விசேஷம்?'னு கேட்டாரு பாரு! கேட்டுட்டு நேரா குளிக்கற தொட்டிக்குள்ள இறங்கிட்டாரு. ரெண்டு மணி நேரம்! வீட்ல இருந்த வெந்நீர் மொத்தமும் காலி. கதவுக்கு வெளிய நின்னு கேக்கறேன், உள்ள புஸ் புஸ்ஸுன்னு சத்தம். அந்த நேரம் பாத்து பிரிசில்லா போன் பண்றா. 'லோர்னா, டெஸ்மண்ட் கேக்கறாரு, நில்ஸ் என்ன மிருகம்? முன்னாடி என்னவோ சொன்னீங்க, வெட்டிட்டோமே.' எனக்கு வந்ததே கோவம்! 'நீர்யானை! தொட்டில கிடக்கற நீர்யானை! எழுதிக்கோ!'ன்னு கத்திட்டேன். அவ ரொம்ப சந்தோஷப்பட்டா. தொட்டி நல்ல யோசனைன்னு சொன்னா.

மறுநாள் கோவம் போயிடுச்சு. காலைல எழுந்து பாத்தா ஜன்னல் வழியா தெரியறாரு, மிஸஸ் தோர்சன் வாசல்ல அள்ளிட்டிருக்காரு. அப்பவே போன் பண்ணி மாத்தச் சொல்லியிருக்கலாம். சொல்லல. அப்புறம் சொல்லிக்கலாம், அப்புறம் சொல்லிக்கலாம்னு... படமும் முடிஞ்சு போச்சு. தப்பு என்னோடதுதான் தம்பி. முழுசா என்னோடதுதான். அந்த டெஸ்மண்ட் பாவம். இன்னிக்கு வாங்கன்னு எங்க வீட்டுக்காரர்கிட்ட எப்படிக் கெஞ்சினேன் தெரியுமா? 'கராஜ்ல வேலை இருக்கு'ன்னு சொல்லிட்டாரு. அவரில்லாம இந்தக் கதையை நான் யாருக்குன்னு படிக்க...

ஏய், ஏய், என்ன பண்றே? தலையைக் கழட்டாதே! கழட்டக் கூடாதுன்னு சட்டம்... ஐயையோ, கிரெட்சன் பாத்தா...

...ஆர்விட்!

அட மனுஷா! எப்போலேருந்து... முதல்லேருந்தா? எல்லாத்தையுமா? ஏங்க இப்படி வேர்த்துக் கொட்டுது, இந்தாங்க, இந்தத் துண்டால துடைங்க... கிரெட்சன் கூப்பிட்டாளா? ஊர்ல வேற யாருக்குப் போட்டாலும் இந்த உடுப்பு தொளதொளன்னு இருந்துச்சாமா? சிரிக்காதீங்க. நான் அழுதுட்டிருக்கேன், நீங்க சிரிக்கறீங்க. கரடின்னுதாங்க நினைச்சேன், சத்தியமா கரடின்னுதான்... சரி, சரி, மீன் பெரிசுதான். பெரிசுதாங்க, ஒத்துக்கறேன், போதுமா?

ஐயோ, கதவைத் திறந்துட்டாங்க! தலையை மாட்டுங்க, சீக்கிரம் மாட்டுங்க... திருப்பி மாட்டறீங்க, காது இந்தப் பக்கம்... ஹா, வாங்க வாங்க கண்ணுங்களா! எல்லாரும் கம்பளத்துல உட்காருங்க. இவர்தான் நில்ஸ். நெஜமாவே இவர்தான். ஏய் குட்டி, வாலைப் பிடிச்சு இழுக்காதே... உள்ள எங்க வீட்டுக்காரர் இருக்காரு!