பாதித் தட்டு

பெரியநாயக்கன்பாளையத்திலிருந்து காந்திபுரம் போகும் பஸ்ஸில் என் முன் இருக்கையில் இரண்டு பெண்கள். மடியில் மருந்துப் பை வைத்திருந்த இளையவர் சொன்னார்: “எங்க ஊட்டுக்காரரு பாதித் தட்டுத்தானுங்க்கா சாப்புடறாரு.”

“பசி இல்லீங்களா, அம்மணி?”

“பசியெல்லாம் இருக்குதுங்க. வலது பாதியத் தின்னுபோட்டு, சோறு பத்தலைன்னு சத்தம் போடறாரு. தட்டத் திருப்பி வெச்சா மிச்சத்தையும் சாப்புடறாரு.”

“கண்ணு கெட்டுப்போச்சுங்களா?”

“கண்ணு நல்லாத்தான் இருக்குதுங்க. மூளையில வலது பக்கம் ரத்தக்குழாய் அடைச்சுப்போச்சு. அது கெட்டா, இடது பக்கம்னு ஒண்ணு இருக்கறதே மனசுக்குத் தெரியாதுங்களாமா. டாக்டர் சொல்றாரு. சவரம் பண்ணுனாலும் பாதி மொகந்தான்.”

மூத்தவர் இளையவர் பக்கம் திரும்பி உட்கார்ந்தார்.

“அப்ப நீ எந்தப் பக்கம் உக்காருவே கண்ணு?”

“நான் வலது பக்கந்தானுங்க. நேத்து எங்க கொழுந்தனாரு, இவரு தோட்டத்தைத் தன் பேருக்கு மாத்திக்கக் கையெழுத்து வாங்கோணும்னு பத்திரத்தோட வந்தாருங்க. அவருக்கு இடது பக்கமா நாற்காலி போட்டேன்.”

“அப்புறம்?”

“தம்பி கொரலு கேக்குது, ஆளக் காணமேன்னு இவரு வலது பக்கமே தேடிக்கிட்டிருந்தாரு. அவரு காப்பியக் குடிச்சுப்போட்டு, பத்திரத்த மடிச்சு எடுத்துக்கிட்டுப் போயிட்டாருங்க.”