பெரியவரின் மூக்கில் இலையான்

"அவர்ர மூக்கில இலையான் பறந்து வந்து இருந்திச்சுகா. கலைக்கவும் பயந்து நிண்டாரு."

கொக்கட்டிச்சோலை பஸ்ஸில் எனக்குப் பக்கத்தில் இருந்த அம்மா, ஜன்னலோரத்துத் தோழியிடம் இப்படிச் சொன்னார்.

"ஆருகா?"

"நம்மட வயல் வட்டைக்குப் போற பாதைய வேலி போட்டு அடைச்ச அந்தப் பெரிய அதிகாரிதான். கோட்டுக் கட்டளைய மதிக்கல்ல எண்டு வழக்குப் போட்டன். கூண்டில ஏத்திட்டாங்க."

கந்தோர் பியோன் வந்தாலே எழும்பி நிற்கிறவன் நான். காதைத் தீட்டிக்கொண்டேன்.

"மறுகா என்ன நடந்திச்சுகா?" என்றார் தோழி.

"'இந்த அம்மாட கோரிக்கையப் பாத்து முடிவு சொல்லச் சொன்னன். சொன்னீங்களா?' எண்டு ஜட்ஜ் ஐயா கேட்டாரு. 'நேத்துச் சொல்லிட்டன் ஐயா, பாதை தர ஏலா எண்டு. பிந்தினதுக்கு மன்னிக்கணும்' எண்டாரு இவரு. 'அப்ப கட்டளைப்படி செஞ்சாச்சு' எண்டு விட்டுட்டாங்க."

"அப்ப வேலி?"

"அப்பிடியேதான் கிடக்கு."

"வெள்ளாம வெட்டு வருகுது. மிசின் எப்பிடிகா உள்ள போகும்?"

"அதுக்குத்தான் நாளைக்கு லோயரிட்டப் போறன். முடிவு சொல்லச் சொல்லிக் கேட்டது நம்மட பிழை. இந்த முறை வேலியப் பிடுங்கச் சொல்லிக் கேக்கப் போறன். மறுகா பிடுங்காம இருக்கட்டும், பாப்பம்."

"அவ்வளவு பெரிய ஆளோட மோத உனக்குப் பயமில்லையாகா?"

"இலையானக் கலைக்கப் பயந்த மனுஷனுக்கா?"

அந்த அம்மா இறங்குவதற்கு எழும்பினார். நானும் சட்டென்று எழும்பி வழிவிட்டேன். பஸ் அடுத்த தரிப்பிடம் வந்த பிறகும் நின்றுகொண்டே இருந்தேன். கண்டக்டர்தான் தோளில் தட்டினார்.

"இருங்க அண்ணன், இடம் இருக்கு."