கோடி கொண்டு போனவன்

நடுப்பகல், உச்சி உருமம். பெருநகர் ஊரைத் தாண்டி ஏரிக்கரையை ஒட்டிப் போகிற சாலை. ஆள் நடமாட்டம் கிடையாது… ஒரு காக்கை கூடக் கத்தவில்லை. என்னடா சிரிப்பு? பேய் ராத்திரியில்தான் வரும் என்று உங்களுக்கு யார் சொன்னது? கரண்டு இப்போதைக்கு வராது. அந்தச் செல்போன் வெளிச்சத்தை அணைத்துவிட்டு நெருங்கி உட்காருங்கள்.

நம்ம டிராக்டர் சேட்டு இருக்கிறானே, அவன் மச்சானுக்கு நடந்தது இது. சேட்டு பெண்டாட்டியின் கூடப்பிறந்த அண்ணன். பேர் கலைச்செல்வன். அந்தப் பேரை நன்றாக மனசில் வாங்கிக்கொள்ளுங்கள்.

அன்றைக்கு அவன் பைக்கில் தனியாகப் போய்க்கொண்டிருந்தான். பெட்ரோல் டேங்கின் மேல் ஒரு துணிப்பை, அதற்குள் கோடிச் சேலை. அவன் அக்கா ஞானசுந்தரியின் புருஷன் சுப்ரமணி, ஏரிக்கரைப் புளியமரத்தில் வண்டியை மோதி அங்கேயே போய்விட்டார். மறுநாள் கருமாதி. தாலி இழக்கிறவளுக்குப் பிறந்த வீட்டுக் கோடி போட வேண்டும். அதைத் தம்பிதான் கொண்டுபோக வேண்டும். யாருக்குத்தான் அதைச் சுமக்க மனசு வரும்? வழியெல்லாம் அழுதுகொண்டே போனான்.

புளியமரம் வந்தால் அந்தப் பக்கம் திரும்பாமல் தாண்டிவிடலாம் என்று நினைத்திருந்தான்.

மரம் வரவில்லை.

வண்டியை நிறுத்தி எஞ்சினை அணைத்தான்… மரம் நின்ற இடத்தில் புல் முளைத்திருந்தது. வெட்டியிருந்தால் அடிக்கட்டை இருக்கும், பிடுங்கியிருந்தால் குழி இருக்கும். ஒரு சருகு கூட இல்லை. மாமாவின் தலையை மடியில் வைத்துக்கொண்டு இவன் உட்கார்ந்திருந்தது இதே இடத்தில்தான்.

 அப்பா ஏகாம்பரம் சூடம் ஏற்றிப் பிள்ளைகளைச் சத்தியம் பண்ண வைத்தது ஞாபகம் வந்தது. அந்தக் குடும்பத்து ரத்தத்தில் ஒரு வித்தை உண்டு. மந்திரமோ மையோ எலுமிச்சம்பழமோ வேண்டாம், நினைப்பு போதும். நெனப்ப நிறுத்துறது என்பார்கள். "இல்லாதத நெனச்சு நிறுத்துனா அது வந்து நிக்கும், நைனா. ஆனா இருக்கறது ஒண்ணு கழண்டு பூடும். எந்தக் கஷ்டம் வந்தாலும் செய்யாதீங்க" என்று அப்பா அழுதாராம்.

அக்கா வீட்டு வாசலில் மாமாவின் பைக் நின்றது. நசுங்கி ஸ்டேஷனில் கிடந்த வண்டி… ஒரு கீறல் இல்லை. சைலன்சர் சூடு ஆறாமல் டிக்… டிக் என்றது. உள்ளேயிருந்து கருவாட்டுக் குழம்பு வாசனை. கருமாதி ஆகாத வீட்டில் கவிச்சி!

மாமா சாப்பிட்டுக்கொண்டிருந்தார்.

"வா மாப்ள, குந்து. துன்னலாம்" என்றார். அதே குரல்.

ஞானசுந்தரி எதிரே உட்கார்ந்திருந்தாள். கண் கோவைப்பழமாகச் சிவந்திருந்தது. புருஷன் மேல் வைத்த பார்வையை எடுக்கவில்லை. தூங்கி எத்தனை நாளாச்சோ, பாவம்.

"அக்கா, இன்னா காரியம் பண்ணிக்கினு கீற? அப்பா கையில சத்தியம் பண்ணோமே!"

"சத்தியமா எனக்குத் துணையா வரப்போவுது? என் வூட்டுக்காரரு வந்துட்டாரு. சத்தம் போடாத."

  அவன் பையைப் பிரித்துக் கோடியை அவள் முன்னால் வைத்தான். அங்கேதான் தப்புப் பண்ணிவிட்டான்.

"என் தோள்லதான் மாமா சுடுகாட்டுக்குப் போனாரு. அவரு இல்லக்கா. வுட்டுடு."

மாமாவின் கை பாதியில் நின்றது. பிசைந்த சோறு விரலிலிருந்து உதிர்ந்தது. அவருக்குப் பின்னாலிருந்த சுவர்… அவர் நெஞ்சு வழியாகத் தெரிந்தது.

அப்போதுதான் அக்கா தம்பியைத் திரும்பிப் பார்த்தாள். ரொம்ப நேரம் பார்த்தாள். அப்புறம் மெதுவாகச் சொன்னாள்.

"கோடி போட எனக்குத் தம்பி இருந்தாதானே?"

மாமா மறுபடியும் சோற்றை அள்ளினார். இவன் நிற்கிற இடத்தைப் பார்த்துவிட்டு, "யார்கிட்ட பேசிக்கினு கீற?" என்று அவளைக் கேட்டார்.

அன்று சாயங்காலம் கலைச்செல்வன் என்னிடம் ஓடி வந்து நடந்ததையெல்லாம் சொன்னான். டீக்கடை மேரியக்கா அவன் கூப்பிடக் கூப்பிடத் திரும்பவே இல்லையாம். "அண்ணே, என் பேர சொல்லிக்கினே இரு. நாலு பேர் நெனப்புல இருந்தா நான் நிப்பேன்" என்று என் கையைப் பிடித்தான். பிடித்தது தெரிந்தது… கனம் தெரியவில்லை. அதற்கப்புறம் அவனை நான் பார்க்கவில்லை. அதனால்தான், கேட்க ஆள் கிடைத்தால் போதும், இந்தக் கதையைச் சொல்லிவிடுகிறேன்.

நேற்று சேட்டுவைப் பிடித்து, "உன் மச்சான் இன்னாடா ஆனான்?" என்றேன்.

"எந்த மச்சான்? என் பொண்டாட்டிகூடப் பொறந்தது ஒரே அக்காதாண்ணே."

 சேட்டு கல்யாணத்தில் நான் மணவறை பக்கத்திலேயே நின்றவன். மாப்பிள்ளைக்குப் பெண்ணின் சகோதரன்தான் மோதிரம் போட வேண்டும். கலைச்செல்வன்தான் போட்டான். இன்னும் அது சேட்டு விரலில் கிடக்கிறது. "அப்ப இந்த மோதிரத்தை யாருடா போட்டது?" என்று கேட்டேன்.

சேட்டு மோதிரத்தைத் தடவிப் பார்த்தான். 

"தெரிலண்ணே… ஆனா படுத்தா போதும், யாரோ இந்த வெரல கெட்டியா புடிச்சுக்கினு வுடவே மாட்டேன்றாங்க."