பெருவிரல் பேரம்

— அப்பிடி இல்ல ஜெஸ்ஸி மேடம், நான் மொதல்லருந்து சொல்றேன். வியாழக்கிழமைன்னா இந்த மனுசன் கோழி கூப்புட முன்னாடி எந்திரிச்சிருவாரு. குளிப்பாரு, நெத்தி நெறைய துன்னூறு பூசுவாரு, ராசிபலன் கேப்பாரு, தோள்ல துண்டைப் போட்டுக்கிட்டு அய்யலூர் ஆட்டுச் சந்தைக்குத் தரகு பேசப் போயிருவாரு. முன்ன காலண்டர்ல பலன் பாப்பாரு, இப்ப போன்ல கேக்குறாரு, அம்புட்டுத்தான் மாத்தம். எங்க கல்யாணத்துக்கு மறுநாளு வியாழக்கிழமை. அன்னிக்கும் போனவரு. இன்னிக்குச் சந்தையை விட்டுட்டு உங்க பேங்க்குல வந்து உக்காந்திருக்காருன்னா பாத்துக்கங்க.

— சரசு, கதையை விடு. தாயி, என் பேரு கருப்பணன். மாசாமாசம் என் கணக்குலருந்து யாரோ பணம் எடுக்குறாக. நான் எடுக்கல. அந்த அட்டையை அடைச்சு விடுங்க. அதுக்குத்தான் திண்டுக்கல்லுக்கு பஸ் ஏறுனது.

— கார்டை நிறுத்திட்டேன் ஐயா. இனி அதுல யாரும் எடுக்க முடியாது. அடுத்தது போலீஸ் புகார். அதை நீங்கதான் குடுக்கணும். எழுதுறதுக்கு நான் உதவி பண்றேன். அதுல ஒரு கேள்வி கேப்பாங்க. யார் மேலயாவது உங்களுக்குச் சந்தேகம் இருக்கா?

— இருக்கு. எழுதிக்கங்க. ஹரிணி.

— அவங்க யாரு?

— என் மருமக.

— ஏங்க...

— நீ சும்மா இரு சரசு. எழுதுங்க தாயி.

— ஒரு நிமிசம் ஐயா. இந்தப் பேரை எழுதிட்டா அப்புறம் அது என் கையிலயும் இல்ல, உங்க கையிலயும் இல்ல. போலீஸ் அவங்களைக் கூப்பிட்டு விசாரிக்கும். அது தெரிஞ்சுதானே சொல்றீங்க?

— தெரியும்.

— தெரியுமாம். ஒரு வாரமா இந்த மனுசன் ஒழுங்காச் சாப்புடல மேடம். வெஞ்சனம் வச்சா வச்சபடி இருக்கு. பேரன் தொட்டிலைப் பாக்குறாரு, மூஞ்சியைத் திருப்பிக்கிறாரு. அவ பிள்ளையைத் தூக்கிக்கிட்டுச் சின்னாளபட்டிக்கு, அவங்க அம்மா வீட்டுக்குப் போயிட்டா. திருப்பூர்ல இருக்குற எங்க மகன் மதன்குமார், "என் பொண்டாட்டி பேரு போலீசுக்குப் போச்சுன்னா நானும் வீட்டுப்படி ஏறமாட்டேன்"னு சொல்லிட்டான்.

— நீ மொதல்ல அந்தப் போனைப் பைக்குள்ள வை. கோழிக்குஞ்சைப் பொத்துற மாதிரி மடியில பொத்திக்கிட்டு இருக்க.

— பிள்ளை எந்திரிச்சானான்னு கேக்கணும்ல. என் போனு, நான் பொத்திக்கிறேன்.

— ஐயா, மருமக மேல ஏன் சந்தேகம் வந்துச்சு?

— அட்டை நம்பரைப் போன்ல ஏத்துனதே அவதான் தாயி. கரண்டு பில்லுக்கு நான் வரிசையில நிக்க வேணாம்னு. அவளைத் தவிர அந்த நம்பர் யாருக்கும் தெரியாது. அதுக்கு மேல, போன மாசம் என்கிட்ட வந்து, "மாமா, போனைக் குடுங்க, செத்த நேரம் பாத்துட்டுத் தாரேன்"னா. ஒருக்க இல்ல, மறுபடி மறுபடி கேட்டா. கள்ளத்தனம் இல்லாதவ எதுக்கு அடுத்த ஆளு போனைக் கேக்கணும்?

— நீங்க குடுத்தீங்களா?

— குடுப்பனா? தலகாணிக்கடியில வச்சுப் படுத்தேன்.

— தலகாணிக்கடியில வச்சாரு, அப்பறம் வேட்டி மடிப்புல வச்சாரு. குளிக்கப் போனாலும் போன் கூடவே போச்சு. அதோட விட்டாரா? போன வாரம் சந்தை முடிஞ்சு, பொன்னுத்துரை அண்ணன் டீக்கடையில அம்புட்டுத் தரகு ஆளுகளும் உக்காந்திருக்கையில, "என் வீட்டுக்கு மருமக வரல, களவாணி வந்திருக்கா"ன்னு சொல்லிட்டாரு. அந்தச் சொல்லு இவரு வீடு வந்து சேரும் முன்ன வந்து சேந்துருச்சு.

— ஐயா, உங்க கணக்கோட விவரம் இந்தா என் முன்னாடி இருக்கு. நான் கேக்குறேன், நிதானமாப் பதில் சொல்லுங்க. இந்தப் பணம் எல்லா மாசமும் ஒரே தேதியில போயிருக்கு. ஒரே தொகை போயிருக்கு. ஒரே கம்பெனி எடுத்திருக்கு. வீட்டுல ஒரு ஆளு திருடுனா இப்பிடியா எடுப்பாங்க?

— ஏன், எடுக்கமாட்டாளா?

— திருட வர்றவங்க கையில கிடைச்சப்போ கிடைச்சதை எடுப்பாங்க. தேதி தவறாம, ஒரு ரூபா கூடாம குறையாம எடுக்குறது சந்தா ஐயா. பேப்பர்காரருக்கு மாசாமாசம் குடுக்குற மாதிரி. எடுத்துக்கங்கன்னு யாரோ ஒருதரம் சம்மதம் சொல்லியிருக்காங்க. அந்தச் சம்மதத்தை வச்சு அவங்க பாட்டுக்கு எடுத்துக்கிட்டே இருக்காங்க.

— நான் ஒருத்தருக்கும் சம்மதம் சொல்லல தாயி. என் தொழிலே சம்மதம் வாங்குறதுதான். துண்டைப் போட்டு மூடி, அதுக்கடியில விக்கிறவன் கையும் வாங்குறவன் கையும் விரலைப் பிடிச்சுத்தான் விலை பேசும். சுத்தி நிக்கிறவனுக்கு ஒண்ணும் தெரியாது. கடைசியில பெருவிரலை ஒரு அமுக்கு. அமுக்கியாச்சுன்னா முடிஞ்சது வியாபாரம். அதுக்கு மேல ஆடு செத்தாலும் வாங்குனவன் பாடு. நான் அமுக்குன விரலை ஒருநாளும் மாத்துனவன் இல்ல.

— உங்க போனைக் காட்டுங்க. திறக்குறதுக்கு என்ன பண்ணுவீங்க?

— பெருவிரலை வைப்பேன். ஹரிணிதான் அப்பிடி வச்சுக் குடுத்தா. நம்பர் எல்லாம் எனக்கு ஞாபகம் நிக்காது.

— சரி. இன்னொன்னு சொல்லுங்க. போன மாசத்துலருந்து அதே கம்பெனி பழைய பணத்தோட, முன்னைவிடப் பெரிய தொகை ஒண்ணும் சேத்து எடுக்குது. போன மாசம் புதுசா என்ன பண்ணுனீங்க?

— ஒண்ணும் பண்ணல.

— யோசிச்சுப் பாருங்க ஐயா.

— பணம் போகுதுன்னு தெரிஞ்சதே போன மாசந்தான். யாரு எடுக்குறான்னு மனசு கெடந்து அடிச்சுக்கிச்சு. அதைக் கேட்டேன்.

— யாருகிட்ட கேட்டீங்க?

— கேட்டேன், விடுங்க.

— யாருகிட்ட கேட்டீக? எனக்கே தெரியாதே. சொல்லுங்க, மேடம் கேக்குறாக.

— போன்ல பலன் சொல்ற பொம்பளைகிட்ட.

— அவங்க என்ன சொன்னாங்க?

— விருச்சிக ராசிக்கு அன்னிக்கு, "நெருங்கியவர்களிடம் எச்சரிக்கையாக இருங்கள், உங்கள் பணம் கரைகிறது"ன்னு சொல்லுச்சு. எனக்குப் பகீர்னு ஆயிருச்சு. இந்தப் போனுக்கு எப்பிடித் தெரியும் என் பணம் கரையுதுன்னு? அதுக்குக் கீழயே, "யாரால் என்று அறிய விரலை வைக்கவும்"னு இருந்துச்சு.

— வச்சீங்களா?

— வச்சேன். "வீட்டில் உள்ள இளையவர்"னு சொல்லுச்சு. தொட்டில் பிள்ளையை விட்டா எங்க வீட்டுல இளையவ அவ ஒருத்திதானே. மறுநாள் காலையில அவ வந்து போனைக் கேக்குறா. நீங்க என்ன நெனைப்பீக தாயி?

— அந்தப் பலனை மொத மொதல்ல கேட்டப்பவும் இதே மாதிரி விரல் வச்சீங்களா?

— ஆமா. "முழுப் பலனும் கேட்க விரலை வைக்கவும், மூன்று நாள் இலவசம்"னு வந்துச்சு. இலவசம்னுதானே போட்டிருந்தான். போன் பூட்டைத் திறக்கவும் அதே விரல், அதுக்கும் அதே விரல். நாந்தானான்னு பாக்குதாக்கும்னு வச்சேன்.

— ஐயா, அதுதான் உங்க துண்டுக்கடியில அமுக்குற விரல். மூணு நாள் கழிச்சு மாசாமாசம் பணம் எடுத்துக்கலாம்னு நீங்க வியாபாரத்தை முடிச்சுட்டீங்க. கீழ சின்ன எழுத்துல போட்டிருப்பாங்க. இந்தா, என் விரல் இருக்குற இடத்தைப் பாருங்க. இந்தப் பேருதான் உங்க கணக்கு விவரத்துலயும் இருக்கு. ராசிபலன் நடத்துற கம்பெனி.

— அப்ப, யாரு எடுக்குறதுன்னு நான் கேட்டதுக்கு...

— அதுக்குத் தனி சந்தா ஐயா. அந்தப் பெரிய தொகை அதுதான்.

— எடுத்தவன்கிட்டயே போயி எவன் எடுத்தான்னு கேட்டு, அதுக்கும் கூலி குடுத்திருக்கேன்.

— அவங்க ஒரு ஆளா உக்காந்து உங்களைப் பாத்துச் சொல்லல. எல்லா விருச்சிக ராசிக்காரங்களுக்கும் அன்னிக்கு அதே வார்த்தைதான் போயிருக்கும்.

— ஒரு கதை உண்டுங்க மேடம். பட்டிக்கு ஒரு நரி வந்துச்சாம். வேலிக்கு வெளிய நின்னுக்கிட்டு, "கெடா அண்ணே, உங்க காவல் நாயி ராவெல்லாம் தூங்காம உங்களையே பாத்துக்கிட்டு இருக்கு. எதுக்குப் பாக்குதுன்னு யோசிச்சீகளா?"ன்னு கேட்டுச்சாம். கெடாவுக்கு ஒரே கெதக்குன்னு ஆயிருச்சாம். அப்பறம் என்ன ஆச்சு? நீங்க சொல்லுங்க, நீங்கதான் ஆடு தெரிஞ்சவரு.

— கெடா நாயை முட்டி வெளிய தள்ளிட்டு, நரிக்குப் படலைத் திறந்து விட்டுச்சு. போதுமா சரசு?

— எனக்குப் போதும். சின்னாளபட்டியில ஒருத்தி அழுதுக்கிட்டு இருக்கா, அவளுக்குப் போதுமான்னு தெரியல.

— அம்மா, கோவப்படாதீங்க. ஐயா, இன்னொன்னும் நீங்க பாக்கணும். பணம் எடுக்குறதுக்கு முந்துன நாள் உங்க போனுக்கு இங்கிலீஷ்ல ஒரு மெசேஜ் வரும். இந்தா, போன மாசம் வந்தது. நாளைக்கு இவ்வளவு எடுக்கப் போறோம், வேண்டாம்னா நிறுத்திக்கலாம்னு போட்டிருக்கு. காலையில வந்திருக்கு. உங்க மருமக போனைக் கேட்டது எப்ப?

— அன்னிக்குத்தான். காபி கொண்டாந்து வைக்கையில போன்ல வெளிச்சம் வந்துச்சு. குனிஞ்சு பாத்தா. ஒடனே கேட்டா.

— நிறுத்தறதுக்குத்தான் கேட்டிருப்பாங்க.

— அவ அதைச் சொல்லியிருக்கலாம்ல தாயி.

— சொல்ல விட்டீகளா? "மாமா, அது வந்து"ன்னு ஆரம்பிச்சா. "போனைத் தொட்டா கையை முறிச்சிருவேன்"னு கத்துனீக. அடுப்படி வரைக்கும் கேட்டுச்சு.

— இந்தச் சந்தா ரெண்டையும் உங்க கண்ணு முன்னாடியே நிறுத்திட்டேன் ஐயா. கடைசியாப் போன பணத்தைத் திருப்பிக் கேட்டு எழுதிப் போடலாம். பழைய மாசங்களோடது கிடைக்கும்னு நான் வாக்குக் குடுக்க முடியாது.

— பணம் போகட்டும் தாயி. ஒரு ஆட்டைப் பல்லைப் பிடிச்சுப் பாத்து வயசு சொல்லுவேன், வயித்தைத் தடவிச் சூல் சொல்லுவேன். என் வீட்டுலயே வளைய வந்த பிள்ளையைப் பாக்கத் தெரியல.

— புகாரை என்ன பண்ணட்டும் ஐயா? சந்தேகம்ங்கற இடம் இன்னும் காலியாத்தான் இருக்கு.

— அதைக் கிழிச்சுப் போடுங்க. இல்ல, போலீசு கேட்டா என் பேரைச் சொல்லுங்க. எந்திரி சரசு. சின்னாளபட்டிக்கு பஸ் ஏறுவோம்.

— அங்க போயி என்ன சொல்லுவீக?

— தப்புப் பண்ணுன தரகன் என்ன செய்வான், அதைச் செய்வேன். துண்டை விரிச்சு, அதுக்கடியில கையை நீட்டிருவேன். அவ எந்த விரலைப் பிடிச்சாலும் அதுதான் விலை. பேரம் பேசமாட்டேன். தனிக்குடித்தனம் போறேன்னாலும் சரி, ஆயுசுக்கும் என் மூஞ்சியில முழிக்கமாட்டேன்னாலும் சரி. ஆனா அவ வாசலுக்கு வரணுமே. நான் வந்திருக்கேன்னு தெரிஞ்சா கதவைத் திறப்பாளா?

— இந்தாங்க.

— என்னத்துக்கு உன் போனை நீட்டுற?

— இந்த பேங்க்குக் கண்ணாடிக் கதவைத் தள்ளும்போதே போட்ட போனு. நீங்க அவ பேரை எழுதச் சொன்னதையும் அவ கேட்டா, இப்ப பேசுனதையும் கேட்டா. காதுல வைங்க. ஹரிணி லைன்லதான் இருக்கா.

— தாயி... ஹரிணி...

— கேட்டுக்கிட்டுத்தான் இருக்கேன் மாமா. துண்டுக்கடியில வேணாம். மூடி வச்சுப் பேசுற விலை எனக்கு வேணாம். சந்தை கலைஞ்சாலும் பொன்னுத்துரை மாமா கடையில உச்சிப்பொழுது வரைக்கும் எல்லாரும் உக்காந்திருப்பாங்க. அத்தை சின்னாளபட்டி பஸ் ஏறட்டும். நீங்க அய்யலூர் பஸ் ஏறுங்க. அங்க பேசிட்டு வாங்க. நான் பிள்ளையைக் குளிப்பாட்டி வைக்கிறேன்.

— சரிடா தாயி. அப்பிடியே செய்றேன். சரசு, இந்தத் துண்டைப் பிடி. எனக்கு இன்னிக்கு இது வேணாம்.